பழைய ஃபைல்

கதவத் தொறக்காதீங்க! ஐயோ, கைய எடுங்க அதுலருந்து. சாவியத் தொடாதீங்க, ஏசி போடாதீங்க, போன் சார்ஜரையும் சொருகீராதீங்க. லேப்டாப்புல இது ஓடி முடியற வரைக்கும் நீங்க அந்த சீட்டுல, நான் இந்த சீட்டுல. கம்முனு உக்காந்துக்குவோம். பாதில கரண்டு கொறஞ்சு போச்சுன்னா உங்க வண்டியோட கம்ப்யூட்டர் பொட்டி செத்துரும். அப்பறம் கயிறு கட்டி இழுத்துட்டுத்தான் போகோணும். அதுக்குத்தான் முன்னால பேட்டரியில சார்ஜர மாட்டி வெச்சிருக்கறேன். வெசனப்படாதீங்க, என் கையில இன்னைவரைக்கும் ஒரு பொட்டி செத்ததில்ல.

வீட்டுக்காரம்மாவும் பாப்பாவும் எங்கீங்க? எதுத்தாப்ல பேக்கரியிலயா? இருக்கட்டும், இருக்கட்டும். அங்க தேங்கா பன் நல்லாருக்கும்.

வந்ததும் கேட்டீங்கல்ல, ஞாயித்துக்கெழமை கடை தொறந்திருக்குதேன்னு? கணபதி ஏரியாவுல இந்தக் கடை வரிசை பூராவும் சாத்திக் கெடக்குது, இவன் ஒருத்தன் மட்டும் ஷட்டரத் தூக்கி வெச்சுட்டு உக்காந்திருக்கறானேன்னு நெனச்சிருப்பீங்க. சொல்றனுங்க. இந்த பூபதி ஞாயித்துக்கெழமை கடை தொறக்கற ஆளே இல்ல. இன்னைக்கு எங்க தங்கச்சி புள்ள மிருதுளாவுக்குக் காதுகுத்து. காங்கயம் பக்கத்துல அவங்க குலதெய்வம் கோயில்ல. மொட்டையடிச்சு, காது குத்தி, கெடா வெட்டி, ஒறம்பரை, சொந்தபந்தம் அத்தன பேரும் அங்கதான் இருக்கறாங்க. என் சம்சாரம்கூட வெள்ளெனவே பொறப்பட்டுப் போயிட்டா. தாய்மாமன் நான் இங்க உங்க வண்டிக்குள்ள உக்காந்திருக்கறேன்.

எங்க பக்கமெல்லாம் மாமன் மடியில உக்கார வெச்சுத்தான் காது குத்தறது. உங்க ஊர்லயும் அப்படித்தானுங்களா? அப்ப உங்களுக்கு நான் வெளக்கிச் சொல்ல வேண்டீதில்ல. கூடப் பொறந்தவன் குத்துக்கல்லாட்டம் உசுரோட இருக்கறப்ப, புள்ளைய இன்னொருத்தன் மடியில உக்கார வெச்சா அது என்னங்க? எனக்குக் கருமாதி பண்ணுன மாதிரிதானுங்களே?

நான் அப்படி என்ன பண்ணீட்டேன்? அதக் கேளுங்க. கேட்டுட்டு நீங்களே ஒரு நாயம் சொல்லுங்க.

எனக்கு ஒரே தங்கச்சி. சுகந்தின்னு பேரு. எங்கப்பா போனதுக்கப்பறம் அவளப் படிக்க வெச்சதும் நான்தான், கட்டிக் குடுத்ததும் நான்தான். மாப்ள பேரு தாமோதரன். நாங்க தாமுன்னு கூப்பிடுவோம். நல்ல பையன், அத இல்லைன்னு சொல்ல மாட்டேன். சொந்தமா ஒரு வேன் வெச்சு ஓட்டிட்டிருந்தான். கண்ணாலக் கூட்டம், கோயில் டூரு, ஊட்டி, கோத்தகிரி, அந்த மாதிரி. வண்டியப் புள்ளையாட்டம் பாத்துக்குவான். டேஷ்போர்டுல தூசு இருந்தா அவனுக்குச் சோறு எறங்காது. ஆனா பாருங்க, வண்டிக்குள்ள என்ன நடக்குதுன்னு மட்டும் ஒண்ணும் தெரியாது. ஸ்டேரிங்கப் புடிக்கத் தெரியும், அவ்வளவுதான்.

ஒரு நாள் வந்தான். "மச்சான், டேஷ்போர்டுல மஞ்ச லைட்டு எரியுது. லைட்டு எரிஞ்சா வண்டி மலை ஏற மாட்டேங்குது. ஆக்ஸிலேட்டர எவ்வளவு மிதிச்சாலும் மாட்டு வண்டியாட்டம் போகுது"ன்னான். சர்வீஸ்ல காட்டியிருக்கறான். இஞ்சினுக்குக் காத்து ஊதற டர்போவுக்கு ஆயில் சரியாப் போகல, எறக்கிப் பாக்கோணும், வண்டிய ஒரு வாரம் விட்டுட்டுப் போன்னு சொல்லியிருக்கறாங்க. முகூர்த்த மாசம். ஒரு வாரம் வண்டிய விட்டா அவன் பொழப்பு என்னாகறது? கண்ணுல தண்ணியோட நிக்கறான். "மச்சான், உங்களால முடியுமா?"ன்னான்.

முடியுமாவா? என்னப் பாத்தா கேக்கறது!

இப்ப உங்க வண்டிக்கு என்ன பண்றனோ அதேதாங்க. வண்டியில ஒரு பொட்டி இருக்குது. எவ்வளவு டீசல் விடோணும், எவ்வளவு காத்து ஊதோணும், எப்ப லைட்டு எரியோணும், எல்லாத்தையும் அதுக்குள்ள கம்பெனிக்காரன் எழுதி வெச்சிருப்பான். அதத்தான் நாங்க ஃபைலுங்கறோம். மொதல்ல வண்டியில இருக்கற அந்த ஒரிஜினலப் படிச்சுப் பத்திரமா லேப்டாப்புல வெச்சுக்குவேன். எந்தக் கடையிலயும் அதுதான் மொற. அப்பறம் ஒரு காப்பி எடுத்து, அதுல வேணுங்கறத மாத்தி, திருப்பி எழுதி விட்டுருவேன். உங்குளுது இப்ப ஏறீட்டிருக்குது பாருங்க, இந்தப் பச்சக் கோடு நகருதுல்ல, அதான். பயந்தாங்கொள்ளிங்க எழுதி வெச்சதுங்க அதெல்லாம். தும்முனா லைட்டு, இருமுனா லைட்டு. அந்த லைட்டு எரியற வரிய எடுத்துட்டா லைட்டு எங்கருந்து எரியும்?

தாமு வண்டிக்கும் அதத்தான் பண்ணுனேன். லைட்டையும் எடுத்தேன், லைட்டு எரிஞ்சா வேகத்தக் கொறைக்கற அந்த வரியையும் எடுத்தேன். கூட கொஞ்சம் இழுவையும் ஏத்தி விட்டேன், மாப்ளையாச்சேன்னு. அடுத்த நாளே கோத்தகிரி போயிட்டு வந்து என் கையப் புடிச்சுக்கிட்டான். "மச்சான், வண்டி குருவியாட்டம் பறக்குது மச்சான்"ன்னான். சுகந்தி எனக்குன்னு நாட்டுக்கோழி கொழம்பு வெச்சுக் குடுத்து விட்டா. அன்னைக்கு நான் நல்லவன். அந்தக் கொழம்ப நான் இன்னைக்கும் மறக்கல. அவங்க மறந்துட்டாங்க.

இருங்க, போன் அடிக்குது. இல்லல்ல, கம்பெனி மெசேஜு. சம்சாரம்னு நெனச்சேன்.

எங்க விட்டேன்? ஆங். கொஞ்ச நாள் கழிச்சு மறுபடியும் வந்து நிக்கறான். மூஞ்சியே சரியில்ல. "மச்சான், ஏதோ கருகற வாசம் வருது. பொகை எச்சாத் தள்ளுது. நீங்க தப்பா எடுத்துக்கப்படாது. பழைய ஃபைலையே போட்டுருங்க. லைட்டு எரிஞ்சா எரிஞ்சுட்டுப் போகுது. சர்வீஸ்ல காட்டிக்கறேன்"ங்கறான்.

எனக்கு எப்படி இருக்கும்? நீங்களே சொல்லுங்க. ராவும் பகலும் கண்ணு பூத்துப் போயி நான் செஞ்ச ஃபைலு. இந்தக் கோயமுத்தூர்ல எத்தன பேரு என் ஃபைலத் திருடி ஓட்டறான் தெரியுங்களா? மாப்ளைக்குச் சும்மா போட்டுக் குடுத்தா, அவன் வந்து எடுத்துருங்கறான். ஸ்டேரிங் புடிக்கறவன் என் வேலைக்குக் கொறை சொல்றான். மனசு பொக்குனு போயிருச்சுங்க.

உங்ககிட்டச் சொல்றதுக்கு என்னங்க, நீங்க யாரோ நான் யாரோ. வால்பாறை போகப்போறீங்க, இனி இந்தப் பக்கம் வரப்போறதில்ல. "சரி மாப்ள, போட்டுட்டாப் போச்சு. நீ போயி எதுத்தாப்ல ஒரு டீ குடிச்சுட்டு வா"ன்னேன். அவன் போனான். கேபிள மாட்டுனேன். செத்த நேரம் உக்காந்து போனப் பாத்துட்டிருந்தேன். கேபிளக் கழட்டுனேன். வந்தான். "போட்டாச்சு மாப்ள"ன்னேன். "லைட்டு வரலியே மச்சான்?"னான். "அது உடனே வராது மாப்ள, கொஞ்ச தூரம் ஓடுனாத்தான் வரும்"னேன். வண்டிய எடுத்துட்டு சத்தி ரோட்டுல ஒரு சுத்து சுத்திட்டு வந்து சொல்றான், கேளுங்க. "ஆமா மச்சான், இப்ப வாசமே இல்ல. பழைய மாதிரியே ஆயிருச்சு"ங்கறான்!

சிரிக்காம என்னங்க பண்றது? இந்தத் தொழில்ல பாதி மனசுதாங்க. கேபிள மாட்டிக் கழட்டுனாலே சில பேருக்கு வண்டி பறக்கற மாதிரி இருக்கும். அவனுக்கு வண்டியப் பத்தி என்ன தெரியும்ங்கறதுக்கு இதவிட என்ன வேணும்? நான் அவன் நல்லதுக்குத்தான் பண்ணுனேன். பழைய ஃபைலப் போட்டிருந்தா வண்டி மறுபடியும் மலையில நின்னிருக்கும். சவாரி கெட்டிருக்கும். என் தங்கச்சி வீட்டுல அடுப்பு எரியாது. அதையும் ரோசனை பண்ணுனேனா இல்லியா?

ஓடுது, ஓடுது, அதுபாட்டுக்கு ஓடட்டும். பாதிக்கு மேல வந்துருச்சு.

அப்பறம் என்னங்க, கெரகம். அந்த மாசக் கடைசியில கோத்தகிரியிலருந்து ஒரு கண்ணாலக் கூட்டத்த ஏத்திக்கிட்டு எறங்கிட்டிருக்கறான். பொகையாக் கக்கி, டர்போ போயி, ஆயிலெல்லாம் எரிஞ்சு, எறக்கத்துல இஞ்சின் புடிச்சு நின்னு போச்சு. எறக்கத்துல இஞ்சின் நின்னா என்னாகும்னு உங்களுக்குத் தெரியுமல்லங்க? பிரேக்கு கல்லாட்டம் ஆயிரும். ஸ்டேரிங் திரும்பாது. ஒரு பக்கம் பள்ளம், ஒரு பக்கம் பாறை. வண்டி நெறைய ஆளு. அவன் தான் உக்காந்திருக்கற பக்கத்தக் கொண்டு போயிப் பாறையில சாத்திட்டான். உள்ள இருந்தவங்களுக்கெல்லாம் சிராய்ப்பு, வீக்கம், அவ்வளவுதான். ஒரு கொழந்தைக்குக்கூட ஒண்ணும் ஆகல. அவனுக்கு மட்டும் வலது கால் நசுங்கிப் போச்சு. முழங்காலுக்குக் கீழ எடுத்துட்டாங்க.

ஆமாங்க. பாவந்தான். நான் இல்லைன்னா சொன்னேன்? ஆசுபத்திரியில அத்தன நாளும் கூடவே கெடந்தது யாரு? நான்தான். சோறு கொண்டு போனது நான், தூக்கி உக்கார வெச்சது நான். அப்பக்கூட அவன் என் கையப் புடிச்சுக்கிட்டு என்ன சொன்னான் தெரியுங்களா? "நான்தான் மச்சான் கவனிக்காம விட்டுட்டேன். நீங்கதான் பழைய ஃபைலப் போட்டுக் குடுத்தீங்களே. லைட்டு கட்டாயம் எரிஞ்சிருக்கும். நான்தான் கூட்டத்துச் சத்தத்துல பாக்காம விட்டுட்டேன். அத்தன பேரையும் கொல்லப் பாத்தேனே மச்சான்"னான். அவனே சொல்றான்! அவனே என்மேல ஒரு சொல்லு சொல்லல. ஒரு மனுசன் சொன்னா அப்படி நம்போணுங்க. அவன் மனுசன்.

ஆனா இந்தச் சுகந்தி இருக்கறாளே.

வேன எடுத்துட்டுப் போன மெக்கானிக் எவனோ அவகிட்ட ஓதீட்டான். ஒரிஜினல் ஃபைலு இருந்திருந்தா லைட்டு எரிஞ்சு, வண்டி மேட்டுலயே வேகத்தக் கொறைச்சிருக்கும், இவ்வளவு தூரம் வந்தே இருக்காதுன்னு. அன்னையிலருந்து அவ என்னப் பாக்கற பார்வையே மாறிப் போச்சு. அண்ணான்னு கூப்பிடறவ அண்ணான்னு கூப்பிடறதில்ல. வந்தா சோறு போடுவா, பேச மாட்டா. வருசம் ஒண்ணாகப் போகுது.

போன வாரம் இங்கயே வந்தா. தட்டுல வெத்தல பாக்கு, பழம், பத்திரிகை. மொதல் பத்திரிகை தாய்மாமனுக்குத்தானுங்களே வெக்கோணும்? எனக்கு ஒடம்பெல்லாம் சிலுத்துப் போச்சு. "வா அம்மிணி, உள்ள வா"ங்கறேன். உள்ள வரல. அந்த வாசப்படியிலயே நிக்கறா.

"அண்ணா, மொதல் பத்திரிகை உனக்குத்தான் கொண்டாந்திருக்கறேன். மடியும் உன்னுதுதான். ஒண்ணே ஒண்ணு மட்டும் கேக்கறேன். அன்னைக்கு அவரு வந்து கேட்டப்ப நீ பழைய ஃபைலப் போட்டியா, போடலியா?"

"போட்டேன் அம்மிணி"ன்னேன்.

"போடலீன்னு சொன்னாலும் நான் கோவிச்சுக்க மாட்டேண்ணா. ஒருத்தர்கிட்டயும் சொல்ல மாட்டேன். அவரு தூங்கறதே இல்ல. லைட்டு எரிஞ்சுது, நான் பாக்கல, லைட்டு எரிஞ்சுது, நான் பாக்கலைன்னு அதையேதான் பொலம்பறாரு. புள்ளையத் தூக்க மாட்டேங்கறாரு. நான் தூக்குனா கீழ போட்டுருவேன்னு சொல்றாரு. லைட்டு எரியவே இல்லைன்னு அவருக்குத் தெரிஞ்சாப் போதுண்ணா. அது உன் வாயிலருந்து வரோணும்"கறா.

"போட்டேன்னு ஒருக்காச் சொன்னா நம்ப மாட்டியா?"ன்னேன்.

"அப்ப மிருதுளா மேல சத்தியம் பண்ணு"ங்கறா.

பாத்தீங்களா? பாத்தீங்களா இந்த அநியாயத்த? அந்தப் புள்ள மேல சத்தியம் பண்ணச் சொல்றா! மிருதுளா பொறந்தப்ப மொதல்ல தூக்குனவன் நானு. அது வாயில மொதல்ல வந்த பேச்சே மாமாதான். அந்தப் புள்ள தலையில கைய வெச்சு நான் எதுக்குங்க சத்தியம் பண்ணோணும்? பச்சக் கொழந்த. நாளைக்கு அதுக்கு ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா? முடியாதுன்னுட்டேன். கத்தீட்டேன். தட்டத் தட்டி விட்டுட்டேன். வெத்தலையெல்லாம் ரோட்டுல போயி விழுந்துச்சு. அவ ஒவ்வொண்ணாப் பொறுக்கித் தட்டுல வெச்சா. "அப்ப நீ வர வேண்டாண்ணா"ன்னா. போயிட்டா.

கூடப் பொறந்தவன்கிட்டச் சத்தியம் கேட்டா அப்பறம் அங்க என்னங்க ஒறவு இருக்குது? கட்டுனவன் நம்பறான், காலு போனவன் நம்பறான், இவ நம்ப மாட்டேங்கறா.

ஒரு நிமிசம். இப்ப சம்சாரந்தான். போட்டோ அனுப்பியிருக்கறா.

...

பாருங்க. இதுதான் மிருதுளா. மொட்டத் தலையில சந்தனம் பூசியிருக்குது பாருங்க. அழுகறா. அழுதாலும் அழகு. இந்த மடி இருக்குதே, இது எங்க பெரியப்பன் பையன் கோவிந்தராசு. திருப்பூர்ல இருக்கறான். அவளுக்கு ஒரு பிஸ்கட்டு வாங்கிக் குடுத்திருப்பானா அவன்? அவ பேரு தெரியுமா அவனுக்கு? பாருங்க, புள்ளையப் புடிச்சிருக்கற லட்சணத்த. கோழியப் புடிக்கற மாதிரி.

இது தாமு. ஓரமா, சேர்ல உக்காந்திருக்கறான் பாருங்க. குனிஞ்சுட்டு. அங்க பாக்காம எங்கயோ பாத்துட்டிருக்கறான்.

தோடு நானும் வாங்கி வெச்சிருக்கறேன். இந்தா, இந்தக் கேபிள் டப்பாவுலதான் கெடக்குது. செவப்புக் கல்லு வெச்சது. சம்சாரத்துக்கிட்டக் குடுத்து விட்டிருக்கலாம். மாட்டேன்னுட்டேன். மடி இல்லைன்னா தோடும் இல்ல. ஒண்ணுமில்லீங்க. கண்ணுல தூசு. ஏசி இல்லாம வேர்வை வேற.

ஆங், முடிஞ்சுது. பச்சக் கோடு நெறஞ்சுது பாருங்க. இப்ப சாவியத் திருப்புங்க. திருப்பி, ஸ்டார்ட் பண்ணுங்க. எங்க உங்க மஞ்ச லைட்டு? காணமல்ல? இனி எரியாது. வால்பாறை வளைவெல்லாம் உங்க வண்டி இன்னும் இன்னும்னு கேட்டுக்கிட்டே ஏறும். நிம்மதியாப் போங்க.

என்னங்க? ஏன் ஆஃப் பண்ணீட்டீங்க?

ஓ.

பழைய ஃபைலையே போட்டுரோணுமா.

நீங்களுமா? இவ்வளவு நேரம் மனுசன் வேல மெனக்கெட்டு உக்காந்து... என் ஃபைல்ல என்னங்க கொறை? அந்த வேனு கதை வேற, உங்க வண்டி கதை வேற. உங்களுக்குப் போயிச் சொன்னேன் பாருங்க, என்னச் சொல்லோணும். பாப்பா இருக்கறான்னா? எல்லார் வீட்டுலயுந்தான் பாப்பா இருக்குது. லைட்டு எரிஞ்சாலும் பரவால்ல, சர்வீஸ்ல காட்டிட்டு அப்பறம் போறீங்களா? இன்னைக்கு வால்பாறை இல்லீங்களா? சரிங்க. செரி. உங்க வண்டி, உங்க இஷ்டம். நான் யாரையும் கட்டாயப்படுத்தறதில்ல. ஒரிஜினல் பத்திரமாத்தான் இருக்குது. தாமு வண்டியோட ஒரிஜினல்கூட இன்னும் இதுலதான் கெடக்குது. அழிக்கலாம்னு போவேன், மனசு வராது.

சாவிய இப்படிக் குடுங்க. நீங்க எதுக்கு வேர்த்து விறுவிறுத்து இங்க உக்காந்துட்டு? போயி பாப்பாவோட ஒரு டீ குடிச்சுட்டு வாங்க. போங்க.

*

வாங்க, வாங்க. பாப்பா பேரு என்ன கண்ணு? நல்ல பேரு. காது குத்தியாச்சா உனக்கு? மாமன் மடியிலதான? சமத்து.

போட்டாச்சுங்க.

அதுக்குள்ளயா? ஆமாங்க, பழைய ஃபைலு சீக்கிரம் ஏறிக்கும். சார்ஜரெல்லாம் கழட்டிட்டேன். பானட்ட மூடிட்டேன். காசெல்லாம் ஒண்ணும் வேண்டாம், வெச்சுக்குங்க.

லைட்டுங்களா? அது உடனே வராதுங்க. கொஞ்ச தூரம் ஓடுனாத்தான் வரும்.

என்னங்க அப்படிப் பாக்கறீங்க? ஒரு மனுசன் சொன்னா நம்போணுங்க.